மடனும் இயந்திரமும்: மௌன நகைச்சுவைப் படங்களின் காணொளிக்கலை மறுவாசிப்பு – நெய்வேலியை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

மௌனப் படக் காலத்து நகைச்சுவையின் பெரும்பகுதி இயந்திரத்தின் முன்னும் இடிந்து விழும் வீட்டின் முன்னும் நிற்கும் மனித உடலைப் பற்றியது. இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கலைஞர்கள் சிலர் அக்காட்சிகளை மீண்டும் நடித்தும், திரும்பத் திரும்ப ஓட்டியும், பின்னோக்கி ஓட்டியும் காட்சிக்கூடத்திற்குக் கொண்டுவந்தனர். இம்மறுவாசிப்பில் நகை என்னும் மெய்ப்பாடு வேறு மெய்ப்பாடுகளாக மாறுவதைத் தொல்காப்பிய மெய்ப்பாட்டியலின் துணைகொண்டு இக்கட்டுரை விளக்குகிறது. பழுப்பு நிலக்கரிச் சுரங்கத்தால் உருவான நெய்வேலி நகரியத்தை இவ்வாசிப்பின் களமாகக் கொண்டு, தமிழ்ச்சூழலில் இம்முறை எவற்றைக் காணத் துணைபுரியும், எவற்றைத் தவறவிடும் என்பதை மதிப்பிடுகிறது.

திறவுச்சொற்கள்: மௌனப் படம், நகை, மடன், மெய்ப்பாடு, காணொளிக்கலை, நெய்வேலி, பேசும் படம்.

1. முன்னுரை

இருபதாம் நூற்றாண்டுத் தமிழகத்தில் இயந்திரத்தின் அளவையே மாற்றிக் காட்டிய இடங்களுள் நெய்வேலி முதன்மையானது. 1930களில் ஜம்புலிங்க முதலியாரின் நிலத்தில் கிணறு தோண்டியபோது வெளிப்பட்ட கருநிறப் பொருள், பின்னர் பழுப்பு நிலக்கரி என அறியப்பட்டது. 1956இல் நிறுவனம் தொடங்கப்பட்டது. 1957 மே மாதம் சுரங்கப் பணியை ஜவஹர்லால் நேரு தொடங்கிவைத்தார். 1961 ஆகஸ்டில் நிலக்கரிப் படுகை எட்டப்பட்டது. 1962இல் சோவியத் உதவியுடன் அமைந்த முதல் அனல்மின் நிலையம் மின்னுற்பத்தியைத் தொடங்கியது. கடினமான மணற்பாறை மேல்மண்ணை அகற்றுவதும், படுகைக்கு அடியில் மிகுந்த அழுத்தத்துடன் இருந்த நிலத்தடி நீரை இடைவிடாது இறைப்பதும் இச்சுரங்கத்தின் இரு பெருஞ்சிக்கல்களாக இருந்தன. ஜெர்மானியத் தொழில்நுட்பத்தில் அமைந்த பக்கெட் வீல் எக்ஸ்கவேட்டர்கள் முதற்சிக்கலுக்குத் தீர்வாயின. சக்கரத்தின் விளிம்பில் வாளிகள் பொருத்தப்பட்ட இவ்வியந்திரங்கள் சுழன்றபடியே மண்ணை அறுத்து, ஓடும் பட்டையில் கொட்டும். ஒரு வாளியின் கொள்ளளவே 350 லிட்டர், 700 லிட்டர், 1400 லிட்டர் என வளர்ந்துவந்தது. அதன் அருகே நிற்கும் மனிதர் புகைப்படங்களில் அளவுகோலாகவே தென்படுவார்.

பெரிய சக்கரமும் அதன் முன் சிறுத்த மனித உடலும் உலகத் திரைக்குப் புதியன அல்ல. சார்லி சாப்ளினின் 'மாடர்ன் டைம்ஸ்' (1936), பஸ்டர் கீட்டனின் 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' (1928) போன்ற படங்கள் இவ்வுறவைச் சிரிப்பாக்கின. அதே உறவை நெய்வேலியில் அன்றாட உழைப்பாகவும், விபத்தாகவும், நில இழப்பாகவும் மக்கள் அறிந்தனர். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட தொலைவை எவ்வாறு புரிந்துகொள்வது என்பதே இக்கட்டுரையின் வினா. மௌன நகைச்சுவையை மறுவாசிப்புச் செய்த காணொளிக்கலை அதற்கு ஒரு வழியைக் காட்டுகிறது. அவ்வழி முழுமையானதா என்பதும் ஆராயத்தக்கது.

2. மடன்: இயந்திரம் கற்பித்த நகை

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் நகைக்கு நான்கு நிலைக்களன்களைக் கூறுகிறது. அவை எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்பன. மெய்ப்பாடு என்பது உள்ளத்து நிகழ்வது உடலில் புலப்படுவதாகும். ஆதலின் சொல்லை விலக்கி உடலையே மொழியாகக் கொண்ட மௌனப் படத்திற்கு இக்கோட்பாடு பொருந்தி வருவது வியப்பன்று.

நான்கினுள் பேதைமையும் மடனும் ஒன்றுபோலத் தோன்றினும் வேறானவை. பேதைமை அறிவின்மை. மடன் என்பதோ, பிறர் கற்பிக்கக் கொண்டதை விடாது பற்றியிருத்தல் என உரை மரபில் விளக்கம் பெறும். முன்னது அறியாமையால் வருவது. பின்னது கற்றதை விட இயலாமையால் வருவது. மௌன நகைச்சுவையைப் புரிந்துகொள்ள இவ்வேறுபாடு இன்றியமையாதது.

'மாடர்ன் டைம்ஸ்' படத்தின் தொடக்கத்தில் ஓடும் பட்டையின் முன் நின்று திருகாணிகளை முடுக்கும் தொழிலாளி, பட்டையை விட்டு விலகிய பின்னும் கைகளை முடுக்கும் அசைவிலேயே வைத்திருக்கிறான். பொத்தானைப் போலத் தோன்றும் எதையும் முடுக்க ஓடுகிறான். இது பேதைமை அன்று. தன் பணியை அவன் நன்கு அறிந்தவன். மிக நன்றாக அறிந்ததே அவனுக்கு நேர்ந்த தீங்கு. இயந்திரம் கற்பித்ததை அவன் உடல் விட மறுக்கிறது. இது மடன். ஹென்றி பெர்க்சன் 1900இல் வெளியிட்ட நகை பற்றிய நூலில், உயிருள்ள ஒன்றின்மேல் இயந்திரத்தன்மை படிவதே நகைக்குக் காரணம் எனக் கருதினார். அவருடைய கருத்தும் மடன் என்னும் கருத்தும் நெருங்கி வருகின்றன. ஆனால் மடனில் கற்பித்தவர் யார் என்ற வினாவும் உள்ளடங்கியிருக்கிறது. பெர்க்சனின் விளக்கத்தில் நகைக்கப்படுபவர் விறைத்துப்போன மனிதர். மடனின் வழியே நோக்கினால், நகையின் ஒரு பகுதி கற்பித்த ஆலையை நோக்கித் திரும்புகிறது.

அப்படத்தில் வரும் உணவூட்டும் இயந்திரம் இதனை மேலும் தெளிவாக்கும். உணவு இடைவேளையின் நேரத்தை மிச்சப்படுத்த, தொழிலாளி வேலை செய்துகொண்டிருக்கும்போதே அவன் வாயில் உணவைத் திணிக்கும் கருவி அது. அது பழுதாகும்போது அடிபடுவது அவன் முகம்தான். பின்னொரு காட்சியில் இயந்திரத்தின் பற்சக்கரங்களுக்குள் சிக்கித் தலைமட்டும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் மூத்த பணியாளருக்கு, உணவு வேளை வந்ததும் சாப்ளின் தன் கையால் ஊட்டுகிறார். இயந்திரம் ஊட்டியது வன்முறை. மனிதன் ஊட்டியது பரிவு. ஆயினும் உணவு வேளை முடியும்வரை சிக்கியவரை மீட்க முடிவதில்லை. சிரிப்பின் அடியில் இவ்வளவு துல்லியமான கணக்கு இருக்கிறது.

ஒலிப்படம் வேரூன்றிய பின்னர் வெளிவந்த இப்படத்தில் பேச்சொலி பெரும்பாலும் இயந்திரங்களின் வழியாகவே வருகிறது: முதலாளியின் குரல் திரையிலிருந்தும், விற்பனையாளரின் குரல் இசைத்தட்டிலிருந்தும் எழுகின்றன. தொழிலாளியின் வாய் இறுதியில் பொருளற்ற ஒலிகளாலான பாடலுக்கு மட்டுமே திறக்கிறது. 1931 செப்டம்பரில் இலண்டனில் காந்தியைச் சந்தித்த சாப்ளின், இயந்திரத்தின்மீது அவர் கொண்டிருந்த எதிர்ப்பைப் பற்றி வினவியதைத் தம் தன்வரலாற்றில் பதிவுசெய்துள்ளார். அச்சந்திப்பு நிகழ்ந்து ஒன்றரை மாதத்திற்குள், 1931 அக்டோபர் 31 அன்று, தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' வெளியானது. தமிழ்த் திரை பேசத் தொடங்கிய வேளையில், பேச்சை இயந்திரத்திடம் விட்டுவிட்டு உடலைப் பேசவைக்கும் ஒரு படத்தை நோக்கி உலகத்தின் பெரும் நகைச்சுவைக் கலைஞர் நகர்ந்துகொண்டிருந்தார்.

3. விழும் சுவர்: நகையிலிருந்து பெருமிதத்திற்கு

'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தின் புயற்காட்சியில், வீட்டின் முன்சுவர் முழுதாகப் பெயர்ந்து கீட்டன்மீது விழுகிறது. மாடிச் சன்னலின் திறப்பு அவர் நின்ற இடத்தில் சரியாக வந்தமைய, அவர் உயிர் தப்புகிறார். சுவர் உண்மையானது, தோளுக்கும் சன்னற் சட்டத்திற்கும் இடையே சில அங்குலங்களே எஞ்சின. இதே வேடிக்கையின் சிறிய வடிவத்தைக் கீட்டன் 1920இல் வெளிவந்த 'ஒன் வீக்' குறும்படத்திலும் பயன்படுத்தியிருந்தார். அவருடைய முகத்தில் மெய்ப்பாடு எதுவும் தோன்றாது. உரையாசிரியர்கள் மெய்ப்பாட்டின் இறுதிப் படியாகக் கூறும் உடல் வேறுபாட்டை, அதாவது மயிர்சிலிர்த்தல், நடுங்கல், கண்ணீர் அரும்பல் முதலியவற்றை, அவர் முற்றாக ஒளித்துவிடுகிறார். அவர் காட்டாததைப் பார்வையாளரின் உடல் செய்கிறது. அவர் நடுங்காததால் அரங்கம் நடுங்கிச் சிரிக்கிறது.

பிரித்தானியக் கலைஞர் ஸ்டீவ் மெக்குவீன் 1997இல் 'டெட்பேன்' என்னும் படைப்பில் இக்காட்சியைத் தாமே நடித்தார். 16 மி.மீ. படச்சுருளில் கறுப்பு வெள்ளையில் எடுக்கப்பட்டுக் காணொளிக்கு மாற்றப்பட்ட, ஒலியற்ற, ஐந்து நிமிடத்திற்கும் குறைவான படைப்பு அது. சுவர் ஒருமுறை மட்டும் விழுவதில்லை. வெவ்வேறு கோணங்களிலிருந்து மீண்டும் மீண்டும் விழுகிறது. புயல் இல்லை, கதை இல்லை, ஓடிப்போக இடமும் இல்லை. மெக்குவீன் அசையாமல் நிற்கிறார். அவருக்கு 1999ஆம் ஆண்டின் டர்னர் பரிசு கிடைத்த காலத்தில் பரவலாகப் பேசப்பட்ட படைப்புகளுள் இதுவும் ஒன்று.

இரண்டிலும் நிகழ்ச்சி ஒன்றே, மெய்ப்பாடு வேறு. இம்மாற்றத்தைச் செய்தவை மூன்று. முதலாவது, மீள்நிகழ்வு. எதிர்பாராமை நீங்கியதும் நகையும் நீங்குகிறது. அடுத்த முறையும் சுவர் விழும் என்பதை அறிந்தே நிற்கும் மனிதர் எஞ்சுகிறார். இரண்டாவது, கதை நீக்கம். கீட்டனின் பாத்திரத்திற்குத் தப்பிக்கவேண்டிய காரணங்கள் உண்டு. மெக்குவீனின் உருவத்திற்கு நிற்பது ஒன்றே செயல். மூன்றாவது, நிற்பவரின் உடல். கரீபியப் பெற்றோருக்கு இலண்டனில் பிறந்த ஒரு கறுப்பினக் கலைஞரின் உடல் அங்கு நிற்கும்போது, யார்மீது வீடு விழுகிறது, யார் விலகாமல் நிற்க வேண்டியிருக்கிறது என்ற வரலாற்று வினா எழுகிறது. தொல்காப்பியம் பெருமிதத்திற்குக் கூறும் நிலைக்களன்கள் கல்வி, தறுகண், புகழ், கொடை என்பன. 'டெட்பேன்' நகையைத் தறுகண் என்னும் பெருமிதமாக மாற்றுகிறது.

விழுவது சுவராக அன்றி உடலாகவே இருக்கும்போது மாற்றம் வேறு திசையில் செல்கிறது. டச்சுக் கலைஞர் பாஸ் யான் ஆடர் 1970இல் எடுத்த 'ஃபால் 1' படத்தில், லாஸ் ஏஞ்சலிஸில் தம் வீட்டுக் கூரைமேல் நாற்காலியில் அமர்ந்திருக்கும் அவர் உருண்டு கீழே விழுகிறார். அதே ஆண்டு எடுத்த 'ஃபால் 2' படத்தில் மிதிவண்டியோடு ஆம்ஸ்டர்டாம் கால்வாய்க்குள் விழுகிறார். இரண்டும் அரை நிமிடத்திற்கும் குறைவானவை, ஒலியற்றவை. மௌன நகைச்சுவையில் விழுந்தவர் எழுந்து தூசியைத் தட்டிக்கொண்டு ஓடுவார். ஆடரின் படம் வீழ்ச்சியோடு முடிகிறது, எழுவது காட்டப்படுவதில்லை. எழுச்சியை வெட்டிவிட்டால் வேடிக்கையில் இளிவரலும் அழுகையும் தங்கிவிடுகின்றன. நகைக்கும் அழுகைக்கும் இடையில் சில நொடிக் காட்சியே இருக்கிறது என்பதை ஆடர் காட்டினார். பின்னர் வந்த காணொளிக்கலைஞர்களுக்கு இவருடைய படங்கள் முன்னோடியாயின.

4. பின்னோக்கி ஓடும் படச்சுருள்: சுரங்க நகரத்தின் மறுவாசிப்பு

இவ்வரிசையில் நெய்வேலிக்கு மிக நெருக்கமானவர் தென்னாப்பிரிக்கக் கலைஞர் வில்லியம் கென்ட்ரிட்ஜ். அவர் வாழும் ஜோகன்னஸ்பர்க் தங்கச் சுரங்கங்களால் உருவான நகரம். 1991இல் அவர் கரிக்கோட்டு ஓவியங்களை வரைந்து அழித்து மீண்டும் வரைந்து உருவாக்கிய 'மைன்' என்னும் அசைபடத்தில், படுக்கையில் காலை உணவு அருந்தும் முதலாளி காப்பிக் குவளையின் அழுத்துதண்டை அமுக்குகிறார். அத்தண்டு படுக்கையைத் துளைத்து நிலத்திற்குள் இறங்கிச் சுரங்கக் குழியாகிறது, கீழே தொழிலாளர்கள். மேலே இருப்பவரின் சிறு வசதி கீழே இருப்பவரின் வாழ்வாவதை ஒரே அசைவில் காட்டும் இவ்வேடிக்கை, மௌனப் படத்தின் தந்திரக் காட்சி மரபைச் சேர்ந்தது.

அம்மரபின் தொடக்கக் கலைஞரான ஜார்ஜ் மெலியேவுக்கு அவர் 2003இல் ஏழு துண்டுப் படங்களின் தொகுதி ஒன்றை உரித்தாக்கினார். அவற்றுள் சிலவற்றில் படம் பின்னோக்கி ஓடுகிறது. கிழித்தெறியப்பட்ட ஓவியத் தாள்கள் தாமே பறந்துவந்து கலைஞரின் கைகளில் ஒன்றுசேர்கின்றன. மெலியேவின் காலத்தில் இது மாயவித்தை, மருட்கைக்குரிய புதுமை. நிறவெறி ஆட்சி முடிந்த நாட்டில் இதே வித்தை வேறு வினாவை எழுப்புகிறது: கிழிந்ததை மீண்டும் ஒட்ட முடியுமா?

திறந்தவெளிச் சுரங்கத்தின் இயக்கமும் ஒருவகையில் இத்தகைய படச்சுருளே. முன்னே மேல்மண் அகற்றப்படுகிறது, நிலக்கரி எடுக்கப்படுகிறது, அகற்றிய மண் ஓடும் பட்டைகளின் வழியே பின்னே சென்று, ஏற்கெனவே வெட்டி முடித்த பள்ளத்தில் பரப்பப்படுகிறது. பின்னர் அதன்மேல் மரங்கள் நடப்படுகின்றன. வெட்டுதலும் நிரப்புதலும் ஒரே இயந்திரத் தொடரின் இரு முனைகள். திரையில் பின்னோக்கி ஓடும் படம் கிழிந்த ஓவியத்தை மாறாமல் திருப்பித் தருகிறது. சுரங்கத்தின் நிரப்புதல் மண்ணைத் திருப்பித் தருகிறது. அம்மண்ணின் அடுக்கு வரிசையையும், அதன்மேல் இருந்த வயல், குளம், தெரு, கோயில் ஆகியவற்றின் அமைப்பையும் திருப்பித் தருவதில்லை. மீட்கப்பட்ட நிலம் என்ற சொல்லில் மீட்பு எவ்வளவு, நிலம் எவ்வளவு என்று கேட்கக் கென்ட்ரிட்ஜின் படைப்பு வாசகருக்குக் கற்றுத்தருகிறது. கலை வரலாற்று ஒப்பீட்டின் பயன் இதுவே: ஓர் இடத்தின் வேடிக்கை மற்றோர் இடத்தின் நடைமுறையைப் பார்க்க உதவும் கருவியாகிறது.

5. தமிழில் மௌனம்: இழப்பும் தேர்வும்

இத்தகைய மறுவாசிப்பைத் தமிழில் செய்ய முனைபவருக்கு முதல் தடை ஆவணம். ஆர். நடராஜ முதலியார் எடுத்த 'கீசகவதம்' தொடங்கித் தென்னிந்தியாவில் உருவான மௌனப் படங்களுள் மிகப் பெரும்பாலானவை அழிந்துபோயின. நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தரராஜ் தயாரித்த 'மார்த்தாண்ட வர்மா' (1933) எஞ்சிய அரிய படங்களுள் ஒன்று. மெக்குவீனுக்குக் கீட்டனும் கென்ட்ரிட்ஜுக்கு மெலியேவும் கிடைத்தனர். தமிழ்க் கலைஞருக்குத் தமிழ் மௌன நகைச்சுவைப் படம் ஒன்று அவ்வாறு கிடைப்பதில்லை.

ஆயினும் திரையில் உடலால் சிரிக்கவைக்கும் மரபு படச்சுருளோடு தொடங்கியதன்று. தோற்பாவைக் கூத்தின் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் வெண்திரையில் நிழலாக வந்து ஒருவரையொருவர் அடித்துக்கொள்ளும் காட்சிகள் தமிழ்ப் பார்வையாளருக்கு நெடுங்காலமாகப் பழக்கமானவை. ஐரோப்பிய மேடையில் ஓசை மிகுந்தும் வலி குறைந்தும் அடிப்பதற்குப் பயன்பட்ட இரட்டைத் தட்டைக்கோலிலிருந்தே 'ஸ்லாப்ஸ்டிக்' என்ற பெயர் வந்தது. வலியில்லாத அடியும் பெரிதான ஓசையும் இரு மரபுகளுக்கும் பொது. எனினும் பாவைகளின் நகை பெரும்பாலும் எள்ளலும் பேதைமையும் சார்ந்தது. இயந்திரம் கற்பித்த மடன் அங்கு இடம்பெற வாய்ப்பில்லை. அது ஆலைகளோடு வந்த புதிய நகை.

இந்நகை தமிழ்ப் பார்வையாளரை வந்தடைந்த வழிகளுள் குறிப்பிடத்தக்கது சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கிக் கமல்ஹாசன் நடித்த 'பேசும் படம்' (1987). உரையாடலே இல்லாத இப்படத்திற்குத் தமிழில் இடப்பட்ட பெயரே ஒரு நகை. பேசும் தொழில்நுட்பம் வந்து 56 ஆண்டுகள் கழிந்தபின் மௌனம் இங்குக் குறைபாடு அன்று, தேர்வு. ஆனால் இது மௌனப் படத்தின் போலியும் அன்று. சூழலின் ஓசைகள் அனைத்தும் இதில் உண்டு. சொற்கள் மட்டுமே இல்லை.

வேலையற்ற இளைஞன் ஒருவன் திரையரங்கை ஒட்டிய நெரிசலான குடியிருப்பில் வாழ்கிறான். பக்கத்திலிருந்து வரும் சண்டைக் காட்சிகளின் ஓசையே அவனுக்குத் தாலாட்டு. சூழ்ச்சியால் செல்வர் ஒருவரின் இடத்தைப் பிடித்து நட்சத்திர விடுதியில் தங்கும்போது அங்குள்ள அமைதியில் அவனால் உறங்க முடிவதில்லை. பழைய இடத்திற்குச் சென்று அந்த ஓசையை ஒலிநாடாவில் பதிந்துவந்து, அதை ஓடவிட்டு உறங்குகிறான். கொண்டதை விடாமை என்னும் மடனுக்கு இதைவிடச் சிறந்த தமிழ்த் திரைக் காட்டு அரிது. சாப்ளினின் தொழிலாளிக்கு ஆலை கற்பித்தது அசைவு; இவ்விளைஞனுக்கு வறுமை கற்பித்தது இரைச்சல். மேலும், ஏற்கெனவே உள்ள திரைப்படத்தின் ஒரு பகுதியைப் பெயர்த்தெடுத்து வேறோர் அறையில் திரும்ப ஓட்டுவது என்பதே பின்னாளில் காணொளிக்கலை பெரிதும் கையாண்ட முறை. வணிகப் படம் ஒன்று தன் கதைக்குள்ளேயே அம்முறையை வேடிக்கையாகச் செய்து காட்டிவிட்டது.

படத்தின் முடிவில் இளைஞன் மீண்டும் வேலைக்கான வரிசையில் நிற்கிறான். சாப்ளினின் நாடோடி நடந்து செல்லச் சாலை இருந்தது. இவனுக்கு வரிசை மட்டுமே உண்டு. 1980களின் இந்திய நகரத்தில் இயந்திரத்தின் முன் நிற்பதைவிட, அதன் முன் நிற்க இடம் கிடைக்குமா என்பதே வினாவாக இருந்தது. நெய்வேலி போன்ற பொதுத்துறை நகரியத்தின் பொருளும் இங்கிருந்தே தெளிவாகிறது. வட்டம் வட்டமாகத் திட்டமிட்டு அமைக்கப்பட்ட குடியிருப்பு, பள்ளி, மருத்துவமனை, நிலையான ஊதியம் ஆகியவை இயந்திரத்தோடு சேர்ந்தே வந்தன. எனவே அங்கு இயந்திரம் அச்சத்திற்குரியது மட்டுமன்று. பலருக்கு அது வரிசையிலிருந்து விடுதலை.

6. நெய்வேலியின் பேசாப் படங்கள்

நெய்வேலியின் காட்சி வரலாற்றை எழுத விரும்புவோர்க்கு மூவகைப் படங்கள் முதன்மையானவை. முதல் வகை, தேசக் கட்டுமானக் காலத்துச் செய்திப் படங்கள். 1948இல் நிறுவப்பட்ட பிலிம்ஸ் டிவிஷன் அணைகளையும் ஆலைகளையும் சுரங்கங்களையும் நாடெங்கும் திரையரங்குகளில் காட்டியது. இவ்வகைப் படங்களின் இலக்கணம் பெரும்பாலும் ஒன்றே: விளக்கவுரையாளரின் குரல் ஒலிக்கும், இயந்திரம் இயங்கும், தொழிலாளி உழைப்பார், பேசமாட்டார். 'மாடர்ன் டைம்ஸ்' படத்தில் குரல் இயந்திரத்தின் வழியே மட்டும் வருவதைச் சாப்ளின் வேடிக்கையாகக் காட்டினார். செய்திப் படங்களில் அது வேடிக்கையின்றி நடைமுறையாயிற்று. விளக்கவுரையை நீக்கி இப்படங்களைப் பார்த்தால், பேசும் படக் காலத்தில் எடுக்கப்பட்ட மௌனப் படங்களாகவே அவை தோன்றும்.

இரண்டாம் வகை, இயக்கம் நின்ற பின்னர் எடுக்கப்படக்கூடிய படங்கள். 600 மெகாவாட் திறன்கொண்ட முதல் அனல்மின் நிலையம் 2020இல் தன் பணியை முடித்துக்கொண்டது. அதே ஆண்டு ஜூலை 1 அன்று இரண்டாம் அனல்மின் நிலையத்தின் கொதிகலன் விபத்தில் தொழிலாளர்கள் பலர் உயிரிழந்தனர். கௌகாத்தியைச் சேர்ந்த டிசையர் மெஷின் கலெக்டிவ், அந்நகருக்கு அருகில் கைவிடப்பட்ட அனல்மின் நிலையம் ஒன்றில் எடுத்த 'ரெசிட்யூ' (2011) என்னும் படைப்பு இங்கு நினைக்கத்தக்கது. அதில் துருவேறிய இயந்திரங்களும் அவற்றைச் சூழும் பசுமையும் மெதுவாகக் காட்டப்படுகின்றன. வேடிக்கை செய்ய அங்கே எவரும் இல்லை. மௌன நகைச்சுவையில் இயந்திரம் ஓடுவதால் மனிதன் இடறுகிறான். இங்கு இயந்திரம் நின்றுவிட, பார்வையாளரே இடறும் உடலாகிறார். நெய்வேலியின் முதல் நிலையத்தில் பணியாற்றியோரின் உடல்நினைவுகள் பதியப்பட்டால், மடன் என்பதன் மற்றொரு பக்கம் வெளிப்படும்: கற்பித்த இயந்திரம் போன பின்னும் கற்ற உடல் எஞ்சுகிறது.

மூன்றாம் வகை, அண்மைக்காலச் செய்திக் காணொளிகள். 2023 ஜூலையில் பரவனாற்று மாற்றுக் கால்வாய்க்காக வளையமாதேவியில் நெற்பயிர் நின்ற வயல்களுக்குள் மண் அள்ளும் இயந்திரங்கள் இறங்கிய காட்சிகள் தமிழகமெங்கும் பார்க்கப்பட்டன. நிறுவனத்தின் தரப்பில், நிலம் முன்பே கையகப்படுத்தப்பட்டது என்ற விளக்கம் தரப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றம் அறுவடைவரை பொறுத்திருக்கலாகாதா எனும் கருத்தில் வேதனை தெரிவித்தது. சட்டநிலை எதுவாயினும், காட்சியின் அமைப்பு நாம் அறிந்ததே: பெரிய இயந்திரம், அசையாது நிற்கும் ஒன்று, அதன்மேல் இறங்கும் எடை. கீட்டனுக்குச் சன்னல் திறப்பு இருந்தது. அதை அளந்து வைத்தவரும் அவரே. வயலுக்கு அத்தகைய திறப்பு இல்லை. தொல்காப்பியம் வெகுளிக்குரிய நிலைக்களன்களாக உறுப்பறை, குடிகோள், அலை, கொலை என நான்கைக் கூறும். குடிகோள் என்பது குடிக்கு நேரும் கேடு. நகைக்கும் வெகுளிக்கும் இடையிலான வேறுபாடு, திறப்பை யார் அளந்தார், யாருக்காக அளந்தார் என்பதில் இருக்கிறது.

7. மறுவாசிப்பின் எல்லை

காணொளிக்கலையின் முறை இக்காட்சிகளை நின்று பார்க்கக் கற்பிக்கிறது. ஆனால் அதற்கு ஒரு விலை உண்டு. காட்சிக்கூடத்தில் 'டெட்பேன்' ஓடும்போது பெரும்பாலும் எவரும் உரக்கச் சிரிப்பதில்லை. நகை பெருமிதமாக உயர்ந்தது என்று கூறுவது எளிது. ஆயின் நகை தாழ்ந்த மெய்ப்பாடு அன்று. மெய்ப்பாடு எட்டனுள் தொல்காப்பியம் அதனையே முதலில் வைக்கிறது. கொட்டகைத் தரையில் அமர்ந்து நூற்றுக்கணக்கானோர் ஒருசேரச் சிரிக்கும்போது, தம்மை இயந்திரமாக்கிய ஒன்றைத் தாம் கண்டுகொண்டதைக் கூட்டமாக அறிவிக்கின்றனர். வால்டர் பெஞ்சமின் 1930களில் சாப்ளினைப் பற்றி எழுதியவையும், திரைப்படத்தின் முன் கூடும் மக்களின் சிரிப்பில் ஓர் அறிவு இயங்குவதை உணர்த்துகின்றன. காட்சிக்கூடத்தில் தனித்து நிற்கும் பார்வையாளருக்கு அக்கூட்டறிவு வாய்ப்பதில்லை.

ஆதலால் மறுவாசிப்பை மூலத்தின் திருத்தமாகக் கொள்வது பொருந்தாது. மூலம் நகையைத் தந்தது. மறுவாசிப்பு அந்நகையின் அடியில் இருந்ததைத் தந்தது. 'பேசும் படம்' இவ்விரண்டையும் ஒருங்கே வைத்திருக்க முயன்றதனாலேயே தமிழ்ச்சூழலில் அது தனியிடம் பெறுகிறது. அரங்கம் சிரித்தது, வரிசையும் மறக்கப்படவில்லை.

8. முடிவுரை

மௌன நகைச்சுவையின் முதன்மையான நிலைக்களன் பேதைமை அன்று, மடன் என்பதும், அம்மடனைக் கற்பித்தது இயந்திரம் என்பதும் இக்கட்டுரையில் காட்டப்பட்டன. காணொளிக்கலை, மீள்நிகழ்வு, கதை நீக்கம், பின்னோட்டம் ஆகிய உத்திகளால் அந்நகையைப் பெருமிதமாகவும் அழுகையாகவும் மருட்கையாகவும் மாற்றுகிறது. நெய்வேலியின் களத்தில் வைத்து நோக்கும்போது இம்மாற்றம் கலைக்கூடத்திற்குள் மட்டும் நிகழ்வதன்று. ஒரே இயந்திரம் பணியாளருக்குப் பெருமிதமாகவும், விபத்தில் உறவை இழந்தவருக்கு அழுகையாகவும், நிலமிழந்தவருக்கு வெகுளியாகவும் தோன்றுகிறது.

தென்னிந்திய மௌனப் படங்களின் இழப்பு ஈடுசெய்ய இயலாதது. அதே இழப்பு உழைப்பின் படங்களுக்கும் நேர்ந்துவிடாமல் காப்பது இப்போது செய்யக்கூடிய பணி. நெய்வேலி பற்றிய செய்திப் படங்கள், தொழிலாளர் குடும்பங்களிடமுள்ள புகைப்படங்கள், மூடப்பட்ட நிலையத்தின் ஒலிகள், இடம்பெயர்ந்த ஊர்களின் காணொளிகள் ஆகியன ஒருங்கே திரட்டப்படுதல் வேண்டும். அவை இருந்தால்தான் நாளைய கலைஞர் எவரேனும் அவற்றை மெதுவாக்கியோ திருப்பி ஓட்டியோ பார்க்க முடியும். அவற்றுள் எங்கே சிரிக்கலாம் என்பதை அவ்வூரார் சொல்லவும் முடியும்.